பாஸ்டரம்மா கொடுத்த டப்பா

பெலேம் நகரத்தில் மழை எப்போது வரும் என்று பச்சைக் குழந்தைக்கும் தெரியும். மத்தியானச் சாப்பாடு வயிற்றில் இறங்கியதும் வானம் கறுக்கும், கொட்டித் தீர்க்கும், தெருவில் ஈ காக்கை இருக்காது. அந்த வெறுந்தெருவுக்காகத்தான் லிந்தால்வா வீட்டுக்குள் கதவோரமாகக் காத்துக்கொண்டிருந்தாள். அவள் போகும் கிறிஸ்தவ சபையின் பெண்கள் பாடகர் குழுவில் முதல் குரல் அவளுடையது. குவாமா பேட்டையில் அவளைத் தெரியாதவர்கள் கிடையாது. அப்படிப்பட்டவள் பட்டப்பகலில் ஒரு முடிதிருத்தும் கடை வாசலில் நின்றால் ஊர் வாய் சும்மா இருக்குமா? அதனால் குடைகூட எடுக்காமல் ஓடி, சந்துக்குள் புகுந்து, கடையின் பின்கதவைத் தட்டினாள்.

கதவைத் திறந்தது கடைக்காரி கேய்லா. லிந்தால்வாவின் கூடப் பிறந்த தங்கை.

"என்னக்கா இது, நனைஞ்ச கோழி மாதிரி வந்து நிக்கற? முன்கதவு என்ன பாவம் பண்ணுச்சு?"

"முதல்ல கதவ மூடுடி. உள்ள யாராச்சும் இருக்காங்களா?"

"இந்த மழையில எவ வருவா? நானும் ஃபேனும்தான் இருக்கோம். வா."

லிந்தால்வா கருப்புச் செருப்பைக் கதவோரம் கழற்றிவிட்டு, கண்ணாடிக்கு முதுகு காட்டி உட்கார்ந்தாள். கொண்டை ஊசிகளை ஒவ்வொன்றாகப் பிடுங்கி மடியில் போட்டாள். கடைசி ஊசியும் வந்தது. முடி விழுந்தது. கேய்லா வாயில் கையை வைத்துக்கொண்டாள்.

ஒரு காலத்தில் அந்த முடி முழங்காலைத் தொட்டது. கல்யாணத்தன்று அதைப் பின்னி முடிக்க இரண்டு பேர் தேவைப்பட்டார்கள். இப்போது இடுப்பைத் தாண்டவில்லை. அதுவும் ஒழுங்காகவா? ஒரு கற்றை இடுப்பில், ஒரு கற்றை தோளில், இன்னொரு கற்றை எலி கடித்த மாதிரி காதோரமே நின்றுவிட்டது.

"யாருக்கா வெட்டினது?"

"நீயும் அதையே கேளு! யாரும் வெட்டல. நான் கத்தரியத் தொட்டதே இல்ல. தானா போகுது கேய்லா. தலகாணியில போகுது, சீப்புல போகுது, கையில எடுத்தா கையோட வருது."

சொல்லி முடிப்பதற்குள் அவளுக்கு அழுகை வந்துவிட்டது. வராமல் என்ன செய்யும்? அந்தச் சபையில் பெண்ணுக்குத் தலைமுடிதான் முக்காடு. தனியாகத் துணி போட்டு மூடுகிற வழக்கமே அங்கே இல்லை, கடவுள் கொடுத்த முக்காடு இருக்கும்போது துணி எதற்கு என்பார்கள். அந்த முக்காட்டில் கத்தரி படக் கூடாது. நுனி வெடித்தாலும், சிக்கு விழுந்தாலும் படக் கூடாது. பட்டால் சபை நிறுத்தும். பெயரை எல்லார் முன்னாலும் வாசித்து, கடைசி பெஞ்சில் உட்காரவைத்து, பாட்டும் இல்லை, திருவிருந்து அப்பமும் இல்லை என்று ஆக்கிவிடுவார்கள். கேய்லா கத்தரியைத் தொழிலாக எடுத்தபோது அவளுக்கும் அதுதான் நடந்தது. அவள் கடைசி பெஞ்சில் ஒரு வாரம் உட்கார்ந்து பார்த்தாள், அடுத்த வாரம் கடைக்குப் பெயர்ப்பலகை மாட்டிவிட்டாள். லிந்தால்வாவால் அது முடியாது. புருஷன் போனபிறகு அவளுக்கு வாரமெல்லாம் பள்ளிக்கூடத்துச் சமையலறைப் புகை, ஞாயிற்றுக்கிழமை ஒரு பாட்டு. அந்தப் பாட்டுதான் அவளைத் திங்கட்கிழமை எழுப்பி நிறுத்துகிறது. அது போனால் அவளும் போன மாதிரிதான்.

நாளைக்கு அது போகப் போகிறது.

"திர்ஸி பார்த்திருக்கா," என்று மூக்கை உறிஞ்சினாள் லிந்தால்வா. திர்ஸி பாடகர் குழுவில் அவளுக்குப் பக்கத்தில் நின்று இரண்டாம் குரல் பாடுகிறவள். "அன்னைக்கு உனக்கு மீன் கொண்டுவந்தேனே, நான் திரும்பிப் போறப்போ பார்த்திருக்கா. என் கொண்டை சிறுத்துப் போனதையும் பார்த்திருக்கா. ரெண்டையும் முடிச்சுப் போட்டு பாஸ்டரம்மா கிட்ட ஓதிட்டா. நாளைக்கு ஆராதனைக்கு முன்னால ஜெப அறையில முடிய அவுத்துக் காட்டணுமாம். வெட்டியிருந்தா ஒத்துக்கோ மகளே, ஆறு மாசம் கடைசி பெஞ்சோட போகும்னு சொல்றாங்க. நாளைக்குப் பெண்கள் சங்கத்தோட ஆண்டு விழாடி. தனிப்பாட்டு என்னுது."

"வந்தா மலை, போனா மயிருன்னு சொல்லுவாங்க," என்றாள் கேய்லா. "உங்க சபையில மட்டும்தான்க்கா, மயிர் போனா மலையே போயிடுது."

"கிண்டல் பண்ணாதடி, வயிறு எரியுது."

கேய்லா கிண்டலை அத்துடன் நிறுத்தினாள். ஒரு முடியைப் பிரித்தெடுத்து, தண்ணீரில் நனைத்து, இரண்டு விரல்களுக்கு நடுவே மெல்ல இழுத்தாள். நல்ல முடி ஈரத்தில் கொஞ்சம் இழுபட்டு மறுபடி சுருங்கும். இது இழுபடவே இல்லை. வேகாத சேமியா மாதிரி பட்டென்று ஒடிந்தது. இன்னொன்று எடுத்தாள். அதுவும் ஒடிந்தது. அவள் முகம் மாறிவிட்டது.

"எதப் போடற தலையில?"

"மாஸ்க்தான். பாஸ்டரம்மா கிட்ட வாங்கினது."

பாஸ்டரம்மா என்றால் பாஸ்டர் நத்தானியேலின் மனைவி அதால்ஜிசா. படம் போட்ட புத்தகத்தைக் காட்டி ஆர்டர் எடுத்து சபைப் பெண்களுக்கு சோப்பு, சென்ட், கிரீம் என்று விற்பாள். அவளிடம் வாங்காத வீடு சபையில் இல்லை. லிந்தால்வா பையிலிருந்து ஒரு பெரிய டப்பாவை எடுத்து நீட்டினாள். முக்கால்வாசி காலி.

கேய்லா அதைத் திருப்பிப் படித்தாள். "கெரட்டின். சத்து மாஸ்க். எத்தனை நாளைக்கு ஒரு தடவ போட்ட?"

"தினமும். ராத்திரி பூசிட்டு, துணியக் கட்டிட்டுப் படுத்துடுவேன். நுனி வெடிக்குதுன்னு போய் நின்னேன். நமக்குத்தான் வெட்டக் கூடாதே. இது பிளந்த நுனிய ஒட்டவச்சிடும், எவ்வளவு போடறியோ அவ்வளவு நல்லதுன்னாங்க. ஆரம்பத்துல நல்லாத்தான் இருந்துச்சு, கம்பி மாதிரி நின்னுச்சு. அப்புறம் உடைய ஆரம்பிச்சதா, இன்னும் போதல போலன்னு நெனச்சு இன்னும் கொஞ்சம் அதிகமாப் போட்டேன். இது மூணாவது டப்பா."

"அட என் அறிவுக் கொழுந்தே!" கேய்லா தலையில் அடித்துக்கொண்டாள். "பின்னாடி எழுதியிருக்கே, படிக்கலயா? பதினஞ்சு நாளைக்கு ஒரு தடவ, பத்து நிமிஷம், அலசு. முடிக்குத் தண்ணியும் வேணும், எண்ணெயும் வேணும், எப்பவாச்சும் கொஞ்சம் சத்தும் வேணும். நீ தண்ணியும் காட்டாம எண்ணெயும் காட்டாம சத்தையே திணிச்சிருக்க. அது விறைச்சுப் போய் உடையுது. அளவுக்கு மிஞ்சினா அமிர்தமும் நஞ்சுன்னு சும்மாவா சொன்னாங்க?"

"பாஸ்டரம்மா சொன்னதுக்கு மேல நான் என்னத்தப் படிக்கறது?"

கேய்லா டப்பாவை மூடிவைத்தாள். சுவரில் மாட்டியிருந்த கத்தரியைப் பார்த்தாள். லிந்தால்வா அவள் பார்வையைப் பிடித்துவிட்டாள்.

"வேண்டாம். அதுக்கு நான் ஆத்துல விழுந்துடுவேன்."

"சரி, வாயக் கழுவு. வெட்டல. குனி."

தலையை அலசினாள். துண்டால் துவட்டவில்லை. பழைய பனியன் துணியால் ஒற்றி ஒற்றி ஈரத்தை எடுத்தாள். தண்ணீர் சொட்டச் சொட்ட மாஸ்க் போட்டால் அது வழிந்துதான் போகும், உள்ளே இறங்காது. சோற்றுக்கற்றாழைச் சதையை மசித்து, தண்ணீர்ச் சத்து மட்டும் உள்ள ஒரு மாஸ்க்கோடு கலந்தாள். முடியைச் சின்னச் சின்னக் கற்றையாகப் பிரித்து, காதுக்குக் கீழேயிருந்து நுனி வரைக்கும் உள்ளங்கையால் நீவி நீவி விட்டாள். தலைத்தோலில் ஒரு சொட்டுப் படவில்லை. ஒவ்வொரு நீவலிலும் சில முடிகள் அவள் கையோடு வந்தன. அவள் அவற்றை அக்காவுக்குக் காட்டாமல் குப்பைக்கூடையில் போட்டாள். லிந்தால்வா பார்க்காமல் இல்லை.

"இன்னைக்குத் தண்ணி மட்டும். அடுத்த வாரம் முருமுருப் பனங்கொட்டை வெண்ணெய். இந்தச் சனியனக் கொஞ்ச மாசத்துக்குத் திறக்கவே கூடாது," என்று டப்பாவை எட்டத் தள்ளினாள். அக்காவின் தலையில் பிளாஸ்டிக் தொப்பியை மாட்டினாள். "இருபது நிமிஷம் இப்படியே இரு."

தொப்பியை மாட்டிய கை இன்னும் கீழே இறங்கவில்லை, முன்கதவு தட்டப்பட்டது.

"கேய்லா! இருக்கியா? நான்தான், திர்ஸி."

லிந்தால்வா நாற்காலியிலிருந்து அப்படியே சரிந்து, நான்கே எட்டில் கழிப்பறைக்குள் போய்த் தாழ்போட்டாள். இருட்டில் தொப்பிக்குள்ளிருந்து ஒரு சொட்டு கழுத்தில் இறங்கியது. துடைக்கவும் பயமாக இருந்தது.

வெளியே கதவு திறக்கும் சத்தம்.

"ஸ்தோத்திரம்," என்றாள் திர்ஸி.

"வாங்க வாங்க. ஸ்தோத்திரத்துக்கு இங்க என்ன வேலை? வழி தவறிட்டீங்களா?"

"மழைக்கு ஒதுங்கினேன்." கால் மிதியில் செருப்பைத் தேய்க்கும் சத்தம். "அக்கா வந்தாங்களோ?"

"எங்க அக்காவா? அவங்க எதுக்கு இங்க வராங்க? பாவம் ஒட்டிக்குமே."

"இல்ல... அந்தச் செருப்பப் பார்த்தேன்."

கழிப்பறைக்குள் லிந்தால்வா தன் வெறுங்காலைப் பார்த்துக்கொண்டாள். சபைப் பெண்கள் எல்லாருக்கும் தெரிந்த கருப்புச் செருப்பு. முடிந்தது கதை என்று நினைத்தாள்.

"அன்னைக்கு மீன் கொடுக்க வந்தப்போ விட்டுட்டுப் போனது," என்றாள் கேய்லா, கண் இமைக்காமல். "வெறுங்காலோட போச்சு அந்த ஞாபகமறதி. எடுத்துட்டுப் போய்க் குடுங்களேன்?"

"ஐயோ, நான் எதுக்கு?" திர்ஸி நகரவில்லை. குரல் மட்டும் திடீரென்று இறங்கியது. "கேய்லா... ஒண்ணு கேக்கணும். முடி உடையறதுக்கு எதாச்சும் இருக்கா? எனக்கில்ல. என் நாத்தனாருக்கு."

"நாத்தனாரக் கூட்டிட்டு வாங்க. தலையப் பார்க்காம எப்படிச் சொல்றது?"

"ம்... அவ வர மாட்டா." கதவு மூடிக்கொண்டது.

லிந்தால்வா வெளியே வந்தபோது இருபது நிமிஷம் எப்போதோ தாண்டியிருந்தது. "நேரமாயிடுச்சே, இதுவும் உடைச்சிடுமா?" என்று பதறினாள். "தண்ணி மாஸ்க்தான், கொஞ்சம் முன்னப்பின்ன ஆனா ஒண்ணுமில்ல. உன் டப்பாவா இருந்தா இந்நேரம் நான் அழுதிருப்பேன்," என்றாள் கேய்லா. குளிர்ந்த தண்ணீரில் அலசினாள். அகலப் பல் சீப்பால் நுனியில் தொடங்கி, கொஞ்சம் கொஞ்சமாக மேலே ஏறிச் சிக்கெடுத்தாள். முடி அன்றைக்குத்தான் வெகு நாளைக்குப் பிறகு முடி மாதிரி மெத்தென்று இருந்தது. லிந்தால்வா அதைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தாள்.

"சந்தோஷப்படாத," என்றாள் தங்கை. "ஒரு நாள்ல ஒட்டாது இது, மாசக்கணக்கு ஆகும். நல்லாக் கேட்டுக்கோ. காய்ஞ்ச முடிய யாரும் வேர்லேருந்து சீவக் கூடாது. நெருக்கப் பல் சீப்ப வச்சு மேலேருந்து இழுத்தாங்கன்னா கொத்தா வந்துடும். நாளைக்குத் தொட விடாத."

இரவெல்லாம் லிந்தால்வா அதையேதான் நினைத்தாள். தொட விடாவிட்டால் வெட்டினாள் என்பார்கள். தொட விட்டால் மிச்சமும் போகும்.

ஜெப அறை என்பது மேடைக்குப் பின்னால் ஒரு ஜன்னல் இல்லாத அறை. மூன்று நாற்காலி, ஒரு மேசை, மேசைமேல் வேதாகமம். ஞாயிறு காலை அதால்ஜிசா அங்கே முதலிலேயே வந்து உட்கார்ந்திருந்தாள். ரொட்டி மாதிரி பருத்த கொண்டை, பளபளவென்று. ஃபேன் காற்று ஒத்துக்கொள்ளாது என்று தோளில் எப்போதும் போடும் நீலச் சால்வை. பக்கத்தில் திர்ஸி, தரையைப் பார்த்தபடி.

"இந்த அறையில பொய் சொல்லக் கூடாது மகளே," என்றாள் அதால்ஜிசா. அவள் குரலில் கோபமே இருக்காது. அதுதான் பயம். "கர்த்தர் கேட்டுக்கிட்டிருக்கார். அவு."

லிந்தால்வா அவிழ்த்தாள். அதால்ஜிசா எழுந்து பின்னால் போய் நின்றாள். நுனிகளைத் தூக்கித் தூக்கிப் பார்த்தாள்.

"கோணல்மாணலா வெட்டியிருக்கே. தங்கச்சிக்குத் தொழில் இன்னும் சரியா வரலயா?"

"வெட்டல பாஸ்டரம்மா. கத்தரி பட்டா ஒரு நேர்ல இருக்கும். இது உடைஞ்சது."

"முடி தானா உடையுமா? நானும் பொம்பளதான். நாப்பது வருஷமா முடி வச்சிருக்கேன்."

சுவருக்கு அந்தப் பக்கம் கீபோர்டில் யாரோ அவளுடைய பாட்டின் முதல் வரியை வாசித்துப் பார்த்தார்கள். லிந்தால்வாவின் பார்வை கீழே இறங்கியது. மேசை இழுப்பறை திறந்திருந்தது. உள்ளே அதால்ஜிசாவின் சீப்பு, நெருக்கப் பல். கேய்லா சொன்னது காதில் கேட்டது. கேட்டும் கை அந்தச் சீப்பை எடுத்தது.

"நீங்களே சீவிப் பாருங்க," என்று நீட்டினாள். "வேர்லேருந்து."

அதால்ஜிசா சீப்பை உச்சியில் வைத்து இழுத்தாள். காய்ந்த சருகை மிதிக்கிற சத்தம். சீப்பு கீழே வரும்போது அதோடு ஒரு கொத்து முடியும் வந்தது. அவள் சந்தேகத்தோடு பார்த்தாள். மறுபடி வைத்தாள், மறுபடி இழுத்தாள். இன்னொரு கொத்து. லிந்தால்வா கண்ணை மூடிக்கொண்டாள். நேற்று தங்கை ஒற்றி ஒற்றி, நீவி நீவிக் காப்பாற்றியதெல்லாம் தரையில் போய்க்கொண்டிருந்தது.

"போதும்!" என்று கத்தியது திர்ஸி. "நிறுத்துங்க பாஸ்டரம்மா, போதும்!"

சீப்பு நின்றது.

"என்னதான்டி பண்ணின இதுக்கு?" அதால்ஜிசாவின் குரல் முதல் தடவையாக ஆட்டம் கண்டது.

"நீங்க கொடுத்த டப்பாதான். தினமும் ராத்திரி போட்டுட்டுத் தூங்கச் சொன்னீங்க. தூங்கினேன்."

திர்ஸி அழ ஆரம்பித்தாள். அழுதுகொண்டே தன் கொண்டையைப் பிடுங்கினாள். உள்ளேயிருந்து ஒரு பஞ்சு வளையம் உருண்டு மேசைக்கடியில் போனது. தோளைக்கூடத் தொடாத முடி, குத்திக் குத்தி நின்றது. "எனக்கும்தான். நான்தான் வெட்டினேன்னு சொல்லிடுவாங்களோன்னு பயந்து, உன்னக் காட்டிக் குடுத்துட்டேன். எல்லாரும் உன் கொண்டையப் பார்த்தா என் கொண்டைய யாரும் பார்க்க மாட்டாங்கன்னு... மன்னிச்சிடு லிந்தால்வா."

மன்னிக்கிற நிலையில் லிந்தால்வா இல்லை. அறைந்தால் என்ன என்றுகூட ஒரு கணம் தோன்றியது.

"உங்க ரெண்டு பேருக்கும் அது ஒத்துக்கல போல," என்றாள் அதால்ஜிசா, சால்வையை இழுத்துவிட்டுக்கொண்டு. "உடம்புவாகு. நானும் அதே டப்பாதான் போடறேன். எனக்கு ஒண்ணும் ஆகலயே."

லிந்தால்வா அந்தப் பருத்த கொண்டையைப் பார்த்தாள். ஒரு முடி பிசகவில்லை. கேய்லா டப்பாவைத் திருப்பிப் படித்தது ஞாபகம் வந்தது.

"நீங்க எத்தனை நாளைக்கு ஒரு தடவ போடறீங்க?"

அதால்ஜிசா சீப்பிலிருந்து ஒரு முடியை உருவினாள்.

"இந்த அறையில பொய் சொல்லக் கூடாதுன்னு நீங்கதான் சொன்னீங்க, பாஸ்டரம்மா."

கீபோர்டு நின்றுபோயிருந்தது. அதால்ஜிசா வேதாகமத்தைப் பார்த்தாள், கதவைப் பார்த்தாள், கையிலிருந்த சீப்பில் சிக்கிய முடியைப் பார்த்தாள். பொய் சொல்லியிருக்கலாம். யார் கண்டுபிடிக்கப் போகிறார்கள்? ஆனால் அவளுக்கும் அந்தக் கடவுளிடம் பயம் உண்டு.

"மாசத்துக்கு ஒரு தடவ," என்றாள். "டப்பாவுல போட்டிருக்கிற நேரம்தான். பத்து நிமிஷம்."

"எங்களுக்கு மட்டும் தினமுமா?"

"நிறையப் போட்டா நிறைய நல்லதுதானேன்னு நெனச்சேன் மகளே."

"அப்படி நெனச்சிருந்தா நீங்களும் தினமும் போட்டிருப்பீங்க."

கதவு தட்டப்பட்டது. பாஸ்டர் நத்தானியேல் தலையை மட்டும் நீட்டினார். தரையில் கிடந்த முடியைப் பார்த்துவிட்டுப் பார்வையை விலக்கிக்கொண்டார். "என்ன முடிவாச்சு? சபை காத்துக்கிட்டிருக்கு."

"குத்தம் இல்ல," என்றாள் அதால்ஜிசா. "வெட்டல."

"அப்புறம்?"

"உடைஞ்சிருக்கு."

ஏன் உடைந்தது என்று அடுத்த வார்த்தை வரும் என்று லிந்தால்வா காத்திருந்தாள். வரவில்லை. பாஸ்டர் தலையாட்டிவிட்டுப் போய்விட்டார். திர்ஸி அவசர அவசரமாகப் பஞ்சு வளையத்தைத் தேடி எடுத்தாள். அதால்ஜிசா குனிந்து ஊசிகளைப் பொறுக்கி லிந்தால்வாவிடம் நீட்டினாள். "கொண்டை போட்டுக்கோ மகளே. பாட்டுக்கு நேரமாச்சு."

"வேண்டாம்," என்றாள் லிந்தால்வா.

அப்படியே மேடைக்கு ஏறினாள். உச்சியில் வழுக்கை மாதிரி ஒரு திட்டு, காதோரம் குச்சி குச்சியாக, ஒரு பக்கம் மட்டும் இடுப்பு வரை. சபை மூச்சைப் பிடித்தது. கீபோர்டுக்காரன் கையை எடுத்துவிட்டான். அவளுக்கு அவமானத்தில் காது சுட்டது, ஆனாலும் மைக்கைப் பிடித்துக்கொண்டாள்.

"நான் வெட்டல," என்றாள். "மாஸ்க்க தினமும் போட்டேன். பதினஞ்சு நாளைக்கு ஒரு தடவதான் போடணுமாம். பத்து நிமிஷம். பின்னாடி எழுதியிருக்கு, எல்லாரும் வீட்டுக்குப் போய்ப் படிச்சுப் பாருங்க."

யாரிடம் வாங்கினாள் என்று சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இல்லை. பெண்கள் பக்கத்து பெஞ்சுகளில் ஒரு கை மெல்ல எழுந்து தன் கொண்டையைத் தொட்டது. பின்னால் இன்னொரு கை. அப்புறம் அந்த வரிசையே. பெரிய பெரிய கொண்டைகளைப் பிடித்துக்கொண்டு ஒருத்தியை ஒருத்தி ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டார்கள். பிறகு எல்லாக் கண்களும் ஒரே பக்கம் திரும்பின.

லிந்தால்வா பாடத் தொடங்கினாள். முதல் வரியில் குரல் கொஞ்சம் பிசிறியது, இரண்டாவதில் பிடித்துக்கொண்டது.

முன்வரிசையில் அதால்ஜிசா தோளிலிருந்த சால்வையை எடுத்தாள். சபையிலேயே அழகான அந்தக் கொண்டையின் மேல் அதைப் போட்டு, நெற்றி வரைக்கும் இழுத்து மூடிக்கொண்டாள். அந்தச் சபையில் ஒரு பெண் துணியால் தலையை மூடி அன்றைக்குத்தான் பார்த்தார்கள்.